எமரால்டில் சாம்பியன் ஆகிவிட்டேன்: இதே அணியோடு இனி எங்கே போவது?

#1 கடலோடி

வணக்கம். போக்கிமான் எமரால்டு என்ற கேம்பாய் ஆட்டத்தின் கதையை நேற்றிரவு முடித்தேன். இறுதிப் போட்டியாளர்களான எலைட் ஃபோர் நால்வரையும் கடைசியாகச் சாம்பியன் வாலஸையும் வென்ற பின், ஹால் ஆஃப் ஃபேமில் என் ஆறு போக்கிமான்களும் ஒவ்வொன்றாகத் திரைக்கு வந்து நின்றதைப் பார்த்தபோது மனம் நிறைந்துவிட்டது. இன்று காலை மறுபடி இயக்கினால், ஆட்டம் என்னைத் தொடக்க ஊரான லிட்டில்ரூட்டில், கதையிலுள்ள என் வீட்டிலேயே கொண்டுவந்து விட்டிருக்கிறது. அப்பா கப்பல் சீட்டைக் கொடுத்தார். தொலைக்காட்சிச் செய்தியில் சொன்னது எந்த நிறம் என்று அம்மா கேட்டார், நான் நீலம் என்றேன். பேராசிரியர் பிர்ச் என் போக்கிடெக்ஸை (பிடித்தவற்றின் பதிவேட்டை) எல்லாப் பகுதிகளின் போக்கிமான்களையும் ஏற்கும் நேஷனல் டெக்ஸாக மாற்றித் தந்தார். அதற்குமேல் எங்கே போக வேண்டும் என்று சொல்ல யாரும் இல்லை. 47 மணி நேரமாக அடுத்த ஜிம், அடுத்த நகரம் என்று ஏதாவது ஒன்று என்னை இழுத்துக்கொண்டே இருந்தது. அந்த இழுப்பு நின்றதும் கையில் கருவி இருந்தும் கால் நகரவில்லை.

என் அணியும் அவற்றின் லெவல்களும்: ஸ்வாம்பர்ட் 61, மனெக்ட்ரிக் 56, ஃப்ளைகான் 56, ப்ரெலூம் 55, ஆக்ரான் 55, பெலிப்பர் 52. மாமா பயன்படுத்திய பழைய கேம்பாய் அட்வான்ஸ் எஸ்பியில் ஆடுகிறேன். இரவில் ஒரு மணி நேரம் கிடைக்கும். முதலிலிருந்து மீண்டும் தொடங்கலாமா என்று யோசித்தேன். ஆனால் கார்ட்ரிட்ஜில் ஒரே ஒரு சேவுக்குத்தான் இடம் உண்டு என்பதால், புதிய ஆட்டத்தைச் சேமித்த கணமே இந்த ஆறும் அழிந்துவிடும். அதற்கு மனம் வரவில்லை. இவற்றை வைத்துக்கொண்டே செய்யத்தக்கது எது என்று விவரம் தெரிந்தவர்கள் சொன்னால் நன்றியுடையவனாக இருப்பேன்.

#2 இரும்புவேலி

வாழ்த்துகள். எக்காரணத்துக்காகவும் இந்தச் சேமிப்பை அழிக்காதீர்கள். பெரிய திட்டம் எதுவும் போடுவதற்கு முன், சாம்பியன் ஆன பிறகே திறக்கிற சில இடங்களுக்கு முதல் இரண்டு மூன்று இரவுகளில் போய்வந்துவிடுங்கள்.

மாஸ்டீப் நகரில், கதையில் உங்களுக்கு உதவிய ஸ்டீவனின் வீட்டுக்குள் போனால் மேசைமேல் ஒரு போக்கிபால் இருக்கும். அதில் லெவல் 5 பெல்டம் உங்களுக்காகக் காத்திருக்கிறது. பாலைவனத்தில் மிராஜ் டவரில் இரண்டு புதைபடிவங்களில் ஒன்றைத்தான் எடுத்திருப்பீர்கள்; மணலில் புதைந்துபோன மற்றொன்று ஃபாலார்பர் பக்கமிருந்து போகிற டெசர்ட் அண்டர்பாஸின் கடைசியில் கிடைக்கும். சஃபாரி ஸோனில் ஜோட்டோ என்ற வேறொரு நிலப்பகுதியின் போக்கிமான்கள் உலவும் புதிய பகுதி திறந்திருக்கும். மீட்டியோர் ஃபால்ஸின் உட்பகுதியில் ஸ்டீவனே நிற்கிறார். அவருடைய மெட்டாகிராஸ் லெவல் 78, மற்ற ஐந்தும் 75க்குக் குறையாதவை. இப்போதைய அணியோடு அவரிடம் போக வேண்டாம்.

அம்மாவிடம் நீலம் என்று சொன்னதால், ஆட்டம் நடக்கும் ஹோயன் நிலப்பகுதி முழுவதும் சுற்றித் திரியப்போவது லாட்டியோஸ். சிவப்பு என்றிருந்தால் லாட்டியாஸ் வந்திருக்கும். நல்ல பதிலைத்தான் சொல்லியிருக்கிறீர்கள்.

#3 செம்பருத்தி

கடலோடி, உங்கள் கையில் இருக்கும் கப்பல் சீட்டுதான் நீங்கள் கேட்ட கேள்விக்கு விடை. ஸ்லேட்போர்ட்டிலோ லிலிகோவிலோ எஸ்.எஸ். டைடல் ஏறி பேட்டில் ஃப்ரன்டியர் தீவுக்குப் போங்கள். எமரால்டு ஜப்பானில் 2004ஆம் ஆண்டு வெளியானபோது, அதற்கு முந்தைய ரூபி, சஃபையர் ஆட்டங்கள் இரண்டிலும் இல்லாத எதை அது கொண்டுவந்தது என்று யாராவது கேட்டால், நான் முதலில் சொல்வது இந்தத் தீவைத்தான். பத்து ஆண்டுகள் கழித்து, 2014இல் இதே ஹோயனை 3டிஎஸ்ஸுக்காகப் புதிதாக உருவாக்கியபோது, ஃப்ரன்டியரைக் கட்டப்போகிறோம் என்று ஒரு மாதிரி வடிவத்தை மட்டும் காட்சிக்கு வைத்தார்களே தவிர, தீவை வைக்கவில்லை. அன்று எனக்கு ஏற்பட்ட ஏமாற்றம் இன்னும் குறையவில்லை. ஆகவே எமரால்டு கார்ட்ரிட்ஜைக் கையில் வைத்திருக்கும் ஒருவர் அந்தத் தீவில் கால் வைக்காமலே ஆட்டத்தை மூடி வைத்துவிடுவதை என்னால் பொறுத்துக்கொள்ள முடியாது.

தீவில் டவர், டோம், பேலஸ், அரீனா, ஃபேக்டரி, பைக், பிரமிட் என்று ஏழு அரங்குகள் இருக்கின்றன. ஒவ்வொன்றுக்கும் ஒரு தலைவர் உண்டு. அவரிடம் முதலில் வெள்ளிச் சின்னமும், அதைவிட நீண்ட தொடர் வெற்றிக்குப் பிறகு தங்கச் சின்னமும் பெறலாம். அரங்குகள் ஒன்றுபோல் ஒன்று இருப்பதில்லை. பேலஸில் எந்த மூவைப் (போரில் செய்யும் செயலை) பயன்படுத்துவது என்று நீங்கள் கட்டளையிட முடியாது. போக்கிமான் தன் நேச்சருக்கு (பிறவிக் குணத்துக்கு) ஏற்பத் தானே முடிவு செய்யும். அரீனாவில் ஒவ்வொரு மோதலும் மூன்றே சுற்றுகள்தான்; அதற்குள் யாரும் வீழாவிட்டால் நடுவர் தீர்ப்பு சொல்வார். பிரமிடுக்குள் உங்கள் பையைக் கொண்டுபோகவே முடியாது; இருட்டில் கிடைப்பதைப் பொறுக்கிக்கொண்டுதான் ஏழு தளங்களையும் ஏற வேண்டும்.

இப்போது ஒரு கசப்பான செய்தி. அங்கே லெவல் 50, ஓபன் லெவல் என்று இரண்டு பிரிவுகள் உள்ளன. பிற்கால ஆட்டங்களில் லெவல் கூடிய போக்கிமான்களைத் தானாகவே 50ஆக இறக்கிக்கொள்வார்கள். எமரால்டில் அந்த வசதி கிடையாது. 50ஐத் தாண்டியவை லெவல் 50 பிரிவுக்குள் நுழையவே முடியாது. உங்கள் ஆறில் ஒன்றுகூட உள்ளே போகாது என்பதே இதன் பொருள். ஓபன் லெவலில் எதிரிகளின் லெவல் உங்கள் அணியில் உயர்ந்ததற்குச் சமமாக இருக்கும், 60க்குக் கீழே ஒருபோதும் இறங்காது. நீங்கள் 61 ஸ்வாம்பர்ட்டையும் இரண்டு 56களையும் கொண்டுபோனால், எதிரியின் மூன்றும் 61ஆக வந்து நிற்கும்.

அதனால் என் யோசனை, முதலில் பேட்டில் ஃபேக்டரிக்குப் போங்கள் என்பதுதான். அங்கே உங்கள் போக்கிமான் எதுவும் தேவையில்லை. ஆறு வாடகைப் போக்கிமான்களைக் காட்டுவார்கள். மூன்றை எடுத்துக்கொண்டு ஏழு போட்டிகள் ஆட வேண்டும். ஒவ்வொரு வெற்றிக்குப் பிறகும், விரும்பினால் உங்களுடைய ஒன்றைக் கொடுத்துவிட்டுத் தோற்றவருடைய ஒன்றை வாங்கிக்கொள்ளலாம். கதையை நாம் பெரும்பாலும் லெவலால்தான் வெல்கிறோம். ஜிம் தலைவர் கடினமாக இருந்தால் புல்வெளியில் அரை மணி நேரம் சுற்றி, ஐந்து லெவல் ஏற்றிக்கொண்டு திரும்பி வருகிறோம். ஃபேக்டரியில் அந்த வழி அடைக்கப்பட்டிருக்கிறது. அங்கே தோற்றால் போவது தொடர் வெற்றிக் கணக்கு மட்டுமே. வென்றால் கற்பது போக்கிமான் போர் என்றால் என்ன என்பதை.

#4 ஆறாம்வீதி

செம்பருத்தி அவர்கள்மீது எனக்கு மிகுந்த மதிப்பு உண்டு. ஆனாலும் இந்த யோசனையோடு உடன்பட முடியவில்லை. கடலோடி கேட்டது தம் ஆறு போக்கிமான்களோடு சேர்ந்து என்ன செய்யலாம் என்று. அவரை அழைத்துப்போய், அந்த ஆறையும் பெட்டியில் போட்டுவிட்டு முன்பின் அறியாத வாடகைப் போக்கிமான்களோடு தோற்கச் சொல்வது எப்படி நியாயமாகும்? எனக்குத் தெரிந்த இரண்டு பேர் ஃபேக்டரியில் நான்கு நாட்கள் தோற்றுவிட்டு ஆட்டத்தையே மூடி வைத்துவிட்டார்கள்.

இந்த ஆட்டத்தின் உயிர் சேகரிப்பது. ஹோயன் டெக்ஸில் 202 இடங்கள் உள்ளன. அதில் ஜிராச்சி, டியாக்ஸிஸ் தவிர்த்து 200ஐ நிரப்பிப் பேராசிரியரிடம் காட்டினால், சிகொரீட்டா, சிண்டாக்வில், டோட்டோடைல் மூன்றில் ஒன்றைத் தருவார். சேகரிப்பதற்காகச் சுற்றும்போதுதான் கதை நம்மை அவசரமாகக் கடக்க வைத்த இடங்களையெல்லாம் நின்று பார்க்கிறோம். ரூட் 119இல் ஃபீபாஸ் கிடைப்பது அந்த நீண்ட ஆற்றின் ஆறே ஆறு கட்டங்களில் மட்டும். நான் தூண்டிலோடு நீர்க்கட்டங்களை ஒவ்வொன்றாகத் தட்டிப் பார்த்துக்கொண்டு பதினொரு இரவுகள் அங்கே இருந்திருக்கிறேன். ஆறாவது இரவுக்குப் பிறகு அந்த மழையின் ஓசை எனக்குத் தாலாட்டாகவே ஆகிவிட்டது.

ரெஜிராக், ரெஜைஸ், ரெஜிஸ்டீல் என்ற அரிய போக்கிமான்கள் மூன்றும் இன்னும் பூட்டிய குகைகளில்தான் இருக்கும். ரூட் 134இன் நீரோட்டத்தில் மிதந்து, ஆழமான இடத்தில் மூழ்கி, மூடிய அறையில் சுவரிலுள்ள பிரெய்ல் எழுத்துகளைப் படிக்க வேண்டும். வழிகாட்டிகளைப் பார்த்துச் செய்பவர்கள் இங்கே தவறுவதுண்டு, ஏனென்றால் பல குறிப்புகள் ரூபி, சஃபையருக்காக எழுதப்பட்டவை. எமரால்டில் அணியின் முதலிடத்தில் வெய்லார்ட், கடைசி இடத்தில் ரெலிகாந்த் என்று வரிசை தலைகீழாகும். ரெஜைஸின் குகையிலும் அசையாமல் காத்திருக்கக் கூடாது. சுவரை ஒட்டியே ஒரு சுற்று ஓடிவர வேண்டும்.

#5 கடலோடி

இவ்வளவு விரிவாக எழுதியதற்கு அனைவருக்கும் நன்றி. இரண்டு சந்தேகங்கள் உள்ளன.

ஒன்று, என்னிடம் இரண்டு கருவிகளை இணைக்கும் லிங்க் கேபிள் இல்லை, ஆடுவதற்கு இன்னொருவரும் இல்லை. தனியாகவே 200ஐ நிரப்ப முடியுமா? இரண்டு, ஆட்டத்தைத் தொடங்கும்போதெல்லாம் உள் பேட்டரி தீர்ந்துவிட்டது என்று ஒரு செய்தி வருகிறது. இத்தனை நாள் அதைப் பொருட்படுத்தவில்லை. இப்போது மாதக்கணக்கில் உழைக்கப்போகிறேன் என்றால், ஒருநாள் சேவ் போய்விடுமோ என்று அச்சமாக இருக்கிறது.

#6 இரும்புவேலி

பேட்டரியைப் பற்றி நான் சொல்கிறேன். அச்சம் வேண்டாம். முந்தைய கோல்டு, சில்வர் ஆட்டங்களின் காலத்துக் கார்ட்ரிட்ஜ்களில்தான் பேட்டரி தீர்ந்தால் சேவும் போகும். எமரால்டு தன் சேமிப்பை ஃப்ளாஷ் நினைவகத்தில் வைக்கிறது. அதற்கு மின்சாரம் தேவையில்லை. பேட்டரி ஓட்டுவது கடிகாரத்தை மட்டும். கடிகாரம் நின்றதால் நீங்கள் நட்ட பெர்ரிகள் வளராது, ஷோல் கேவில் கடல் ஏறி இறங்காது, நாள்தோறும் நடக்கிற நிகழ்ச்சிகள் நடக்காது. உள்ளே இருப்பது சிஆர்1616 வகை. தகடு வைத்துப் பற்றவைத்தது. கைதேர்ந்த ஒருவரிடம் கொடுத்து மாற்றிக்கொள்ளலாம். அவசரம் ஒன்றும் இல்லை.

அதைவிட முக்கியமாகப் பார்க்க வேண்டியது கார்ட்ரிட்ஜ் அசல்தானா என்பது. நான் முதன்முதலில் எமரால்டு ஆடியது சந்தையில் ஒரு கடையில் வாங்கிய பச்சை நிறக் கார்ட்ரிட்ஜில். நாற்பது மணி நேரம் ஒழுங்காகச் சேமித்த அது, எலைட் ஃபோரை வென்று ஹால் ஆஃப் ஃபேம் முடிந்து சேமிக்க வேண்டிய நேரத்தில் பிழை காட்டி நின்றது. பிறகு ஆட்டமே இல்லை. போலிகளில் இது அடிக்கடி நேர்வது என்று பின்னால்தான் தெரிந்துகொண்டேன். உங்களுடையது அந்த இடத்தைத் தாண்டிச் சேமித்துவிட்டது. மேலும் போலிகளில் பேட்டரி தீர்ந்தது என்ற செய்தி இப்படி முறையாக வருவது அரிது. உங்கள் மாமா வாங்கியது அசல் என்றே நினைக்கிறேன். ஒளி ஊடுருவும் பச்சை ஓட்டுக்குள் வட்டமான பேட்டரி தெரிகிறதா என்று விளக்கொளியில் ஒருமுறை பாருங்கள்.

#7 செம்பருத்தி

முதல் சந்தேகத்துக்கு விடை: தனியாக முடியாது. சர்ஸ்கிட், மெடிடைட், ரொசீலியா, ஸாங்கூஸ், லூனாடோன் ஆகியவை எமரால்டில் காட்டிலேயே கிடைப்பதில்லை. ரூபி அல்லது சஃபையரிலிருந்து பரிமாற்றம் செய்தாக வேண்டும். கிளாம்பெர்ல் உருமாறுவதும் பரிமாற்றத்தில்தான். கேபிளும் துணையும் இல்லாத ஒருவருக்கு 200 என்ற இலக்கைக் கொடுப்பது சரியாகாது. ஆறாம்வீதி அவர்கள் விவரித்த அந்த ஆற்றங்கரை இரவுகளை நான் குறைத்துச் சொல்லவில்லை. நானும் அங்கே நின்றவள்தான். ஆனால் அவருக்கு அருகில் கேபிளோடு ஒரு தம்பி இருந்தார் என்று முன்பு ஒரு பதிவில் எழுதியிருந்தார்.

வாடகைப் போக்கிமான்களோடு தோற்று வெறுத்துப்போனவர்களைப் பற்றிச் சொன்னது உண்மை. அவர்கள் தோற்றதற்குக் காரணம், கதையில் தேர்ந்தெடுத்ததைப் போலவே ஃபேக்டரியிலும் தேர்ந்தெடுத்தது. நான் ஆறையும் பார்க்கும்போது, எது வலுவானது என்று முதலில் கேட்பதில்லை. எந்த மூன்று ஒன்றின் குறையை மற்றொன்று தாங்கும் என்று கேட்கிறேன். ஒன்றால் தாங்க முடியாத டைப் (நீர், மின்சாரம் போன்ற வகை) மூவை வாங்கிக்கொள்ள இன்னொன்று மாறி உள்ளே வர முடிந்தால், அந்த மூவரும் போதும். அடுத்து ஒவ்வொன்றின் மூவ் பட்டியலையும் திறந்து பார்ப்பேன். பெயர் பெற்ற போக்கிமானாக இருந்தாலும் அதன் நான்கு மூவ்களும் உதவாதவையாக இருக்கலாம். யாரும் மதிக்காத ஒன்றிடம் எதிரியைத் தூங்கவைக்கும் மூவும் வேகமும் இருக்கலாம்.

போட்டிக்கு முன் உதவியாளர் சொல்லும் வார்த்தைகளைத் தவிர்த்துவிடாதீர்கள். அடுத்து வருபவர் அதிகம் வைத்திருக்கும் டைப் எது, அவர் எந்தப் பாணியில் ஆடுவார் என்பதை அவர் சொல்கிறார். வென்ற பிறகு மாற்றிக்கொள்ளும்போது, உங்களை அதிகம் தொல்லைப்படுத்திய எதிரியை எடுங்கள். அதனால் என்ன செய்ய முடியும் என்பதைக் கண்ணால் பார்த்திருப்பீர்கள். 21ஆவது போட்டியில் ஃபேக்டரியின் தலைவர் நோலண்ட் வருவார். அவருடையதும் வாடகை அணிதான். அந்த ஒரு நேர்மைக்காகவே எனக்கு அவரைப் பிடிக்கும்.

இரவில் ஒரு மணி நேரம்தான் என்றீர்கள். போட்டிகளுக்கு இடையே சேமித்துவிட்டு நிறுத்திக்கொள்ளும் வாய்ப்பை ஆட்டமே தருகிறது. அதைத் தேர்ந்தெடுத்துத்தான் அணைக்க வேண்டும். அப்படிச் செய்யாமல் நடுவில் மின்சாரத்தை நிறுத்தினால் தோல்வியாகக் கணக்கிடும்.

#8 அடைகாப்பவள்

தாமதமாக வருகிறேன், இங்கே இரு தரப்பும் விட்டுவிட்ட ஒரு வழி இருக்கிறது. கடலோடியின் ஸ்வாம்பர்ட் லெவல் 50 பிரிவுக்குள் போக முடியாது, ஆனால் அதன் பிள்ளை போகலாம்.

டெசர்ட் அண்டர்பாஸில் புதைபடிவம் எடுக்கப் போகும்போது அங்கேயே டிட்டோ என்ற போக்கிமானும் கிடைக்கும். அதை ரூட் 117இல் உள்ள டே கேர் காப்பகத்தில் ஸ்வாம்பர்ட்டோடு விட்டால், ஸ்வாம்பர்ட்டின் தொடக்க வடிவமான மட்கிப்பின் முட்டை வரும். எமரால்டுக்கு முன் பிள்ளையின் நேச்சர் முழுக்க அதிர்ஷ்டம்; எமரால்டில் முதன்முதலாக, தாயோ டிட்டோவோ எவர்ஸ்டோன் என்ற பொருளை வைத்திருந்தால் அதன் நேச்சர் பிள்ளைக்கு வர பாதி வாய்ப்பு உண்டு. உங்கள் ஸ்வாம்பர்ட் பெரும்பாலும் ஆணாகத்தான் இருக்கும், எனவே எவர்ஸ்டோனை டிட்டோவிடம் கொடுங்கள். டிட்டோ, அட்டாக்கைக் கூட்டும் அடமன்ட் நேச்சராக இருக்கட்டும். அதைப் பிடிக்க, சிங்க்ரனைஸ் ஆற்றலுள்ள ஓர் அடமன்ட் ராலட்ஸையோ அப்ராவையோ அணியின் முதலிடத்தில் வைத்து நடந்தால், எதிர்ப்படுபவற்றில் பாதி அதே நேச்சரோடு வரும். இதுவும் எமரால்டு தந்த வசதிதான்.

மட்கிப் முட்டை பொரிய 5,120 அடிகள் நடக்க வேண்டும். ஃபையரி பாத்தில் ஒரு ஸ்லக்மாவைப் பிடித்து அணியில் வைத்துக்கொண்டால், அதன் உடல் வெப்பத்தால் இது பாதியாகக் குறையும். ரூட் 117இன் நேர்ச்சாலையில் மாக் பைக்கில் ஏறிப் போய்வந்துகொண்டே இருந்தால் ஒரு மணி நேரத்தில் பல முட்டைகள் பொரிந்துவிடும்.

இதில் என் மனத்தைத் தொட்ட ஒன்று உண்டு. ஸ்வாம்பர்ட் லெவல் 52இல்தான் எர்த்குவேக் என்ற வலுவான மூவைக் கற்கிறது. லெவல் 50இல் நிற்கப்போகிற பிள்ளைக்கு அது தானாகக் கிட்டாது. ஆனால் அது டிஎம் (மூவ் கற்றுத்தரும் பொருள்) வழியாகவும் கற்கக்கூடிய மூவ் என்பதால், மட்கிப் உருமாறிய பிறகு அதற்குக் கற்றுக்கொடுக்கலாம். கதை முழுவதும் உங்களோடு நடந்து 61 வரை வளர்ந்த அந்த ஸ்வாம்பர்ட், தான் நுழைய முடியாத அரங்குக்குத் தன் பிள்ளையை அனுப்புகிறது. கடற்குகையில் கிடைத்த அந்த ஒரே டிஎம்மை இன்னும் செலவழிக்கவில்லை என்றால், அதைப் பிள்ளைக்காக வைத்திருங்கள். பெல்டம் வளர்ந்து லெவல் 45இல் மெட்டாகிராஸ் ஆகிவிடும். லாட்டியோஸ் லெவல் 40இல் சுற்றுகிறது. அதுவும் 50 பிரிவில் அனுமதிக்கப்பட்டதே. ஸ்வாம்பர்ட்டின் பிள்ளை, மெட்டாகிராஸ், லாட்டியோஸ்: டவருக்கு மூன்றும் தயார்.

#9 ஆறாம்வீதி

அடைகாப்பவள் எழுதியதைப் படித்த பிறகு என் எதிர்ப்பைப் பாதி திரும்பப் பெறுகிறேன். அந்தப் பிள்ளைக்காகவாவது கடலோடி தீவுக்குப் போகட்டும்.

லாட்டியோஸைப் பற்றி என் பங்குக்கு. அது முதல் சுற்றிலேயே ஓடிவிடும். லாவரிட்ஜில் ஒரு பாட்டி கொடுத்த முட்டையைப் பொரித்திருந்தால் அதிலிருந்து வைநாட் வந்திருக்கும். லெவல் 15இல் அது வாபஃபெட் ஆகும். அதன் ஷேடோ டேக் ஆற்றல் எதிரியை ஓடவிடாது. வாபஃபெட்டை 40ஐத் தாண்டாமல், அந்தப் புல்வெளியின் காட்டுப் போக்கிமான்களைவிட உயர்ந்த லெவலில் முதலிடத்தில் வைத்து, லெவல் குறைந்தவற்றை விலக்கும் ரிப்பெல் தெளித்துக்கொண்டு நடந்தால், லாட்டியோஸ் மட்டுமே எதிர்ப்படும். ஒருமுறை கண்ணில் பட்ட பிறகு அது எங்கே இருக்கிறது என்று டெக்ஸ் வரைபடம் காட்டும். அடித்துக் குறைத்த அதன் உயிர் அடுத்த சந்திப்பிலும் குறைந்தே இருக்கும். ஆகவே ஓடினாலும் உழைப்பு வீணாகாது. எதையும் தவறாமல் பிடிக்கும் மாஸ்டர் பாலை இதற்குச் செலவழிப்பவர்களும் உண்டு. நான் செலவழிக்கவில்லை.

இன்னொன்றும் சொல்லி வைக்கிறேன், இன்றைக்குத் தேவையில்லாவிட்டாலும். இந்த ஆறும் இந்தக் கார்ட்ரிட்ஜோடு முடிந்துவிட வேண்டியதில்லை. கேம்பாய் கார்ட்ரிட்ஜுக்கு இடமுள்ள டிஎஸ் அல்லது டிஎஸ் லைட்டில், நான்காம் தலைமுறை ஆட்டத்தின் பால் பார்க் வழியாக ஆறு ஆறாக அனுப்பலாம். நீரில் மிதக்க உதவும் சர்ஃப் போன்ற ஹெச்எம் மூவ் தெரிந்தவற்றை அது ஏற்காது. லிலிகோவில் அவற்றை மறக்கச் செய்துவிட்டு அனுப்ப வேண்டும். அங்கிருந்து ஐந்தாம் தலைமுறை, பிறகு 3டிஎஸ்ஸின் பேங்க், கடைசியில் 2020இல் வந்த ஹோம் என்ற சேமிப்புச் சேவைகள். 3டிஎஸ் கடை 2023 மார்ச் 27ஆம் நாள் மூடப்பட்டதால், அதற்கு முன் பேங்க் செயலியை இறக்கி வைத்திருந்தவர்களின் கருவி வேண்டும். ஒருமுறை போனவை திரும்பி வராது என்பதையும் நினைவில் வையுங்கள். அந்த ஃபீபாஸிலிருந்து உருமாறிய என் மிலோட்டிக் இன்று ஸ்விட்சில் இருக்கிறது. அது பிறந்த அந்த ஆற்றை இனி அதனால் பார்க்க முடியாது. அதை அனுப்பியது சரிதானா என்று இன்றும் சில நேரங்களில் யோசிப்பதுண்டு.

#10 கடலோடி

மூன்று வாரங்களுக்குப் பிறகு எழுதுகிறேன். செம்பருத்தி சொன்னபடி ஃபேக்டரிக்குப் போனேன். முதல் முறை நான்காவது போட்டியில் தோற்றேன். வலுவானதாகத் தெரிந்த மூன்றை எடுத்திருந்தேன், மூன்றுமே மின்சார டைப்புக்குப் பலவீனமானவை என்பதை எதிரி காட்டிக்கொடுத்த பிறகுதான் உணர்ந்தேன். அடுத்த இரண்டு முறை இரண்டாம் சுற்றின் நடுவில் விழுந்தேன். நான்காம் முறை 20 போட்டிகளை வென்று நோலண்ட் முன் நின்று தோற்றேன். அன்றிரவு தூக்கம் வரவில்லை, ஆனால் அது வருத்தத்தால் அல்ல. எந்த இடத்தில் மாற்றி ஆடியிருக்க வேண்டும் என்று எனக்கே தெரிந்திருந்தது. 47 மணி நேரக் கதையில் ஒரு தோல்விக்குப் பிறகுகூட அப்படித் தெரிந்ததில்லை. சென்ற சனிக்கிழமை, கடைசிப் போக்கிமானின் உயிர் சிவப்பில் இருந்தபோது, அவரிடம் வெள்ளிச் சின்னத்தைப் பெற்றேன்.

இடையிடையே டே கேருக்கும் போய்வந்தேன். பதினான்காவது முட்டையில் அடமன்ட் மட்கிப் பிறந்தது. தந்தையை அணியின் முதலிடத்தில் வைத்துக்கொண்டுதான் பைக் ஓட்டினேன். ஓடியதில் அதற்குப் பயன் ஒன்றும் இல்லை என்று தெரியும். இருந்தாலும் முட்டை பொரியும்போது அது அருகில் இருக்க வேண்டும் என்று தோன்றியது.

இப்போது இந்தப் பிள்ளையை எப்படி வளர்ப்பது? கண்ணில் பட்டதோடெல்லாம் சண்டையிட்டு 50க்குக் கொண்டுவரலாமா?

#11 அடைகாப்பவள்

கூடாது. ஒவ்வொரு வெற்றியும் வீழ்ந்த போக்கிமானின் வகைக்கு ஏற்ப ஒரு ஸ்டேட்டுக்கு (உயிர், தாக்குதல் போன்ற திறனளவுக்கு) முயற்சிப் புள்ளிகளைச் சேர்க்கிறது. மொத்தம் 510 வரைதான் சேரும். கண்டபடி சண்டையிட்டால் தேவையில்லாத இடத்தில் அவை போய் உட்கார்ந்துவிடும். அவற்றைக் குறைக்கும் பெர்ரிகள் எமரால்டில் உண்டு, ஆனால் பேட்டரி தீர்ந்த உங்கள் கார்ட்ரிட்ஜில் நட்ட பெர்ரி வளராது. எனவே முதல் தடவையிலேயே சரியாகச் செய்ய வேண்டும்.

ஹெச்பிக்கு (உயிருக்கு) 252, அட்டாக்குக்கு (தாக்குதலுக்கு) 252 என்று வையுங்கள். ஃபேக்டரியில் சேர்ந்த பேட்டில் பாயின்ட்டுகளுக்குத் தீவிலேயே வைட்டமின்கள் ஒன்றுக்கு ஒரு புள்ளி வீதம் கிடைக்கும்; கடையில் அதே வைட்டமினின் விலை ஆட்டப் பணத்தில் 9,800. ஒரு ஸ்டேட்டுக்கு வைட்டமினால் 100 வரை ஏற்றலாம், அதாவது பத்து வைட்டமின்கள். மீதி 152. ரூட் 111இல் வின்ஸ்ட்ரேட் குடும்பத்தாரை வென்றபோது கிடைத்த மாச்சோ பிரேஸை மட்கிப்பிடம் கொடுத்தால் புள்ளிகள் இரட்டிப்பாகும். ரஸ்டர்ஃப் டனலில் விஸ்மர் தவிர வேறெதுவும் எதிர்ப்படாது. ஒவ்வொன்றும் ஹெச்பிக்கு ஒரு புள்ளி, பிரேஸோடு இரண்டு. ஆக 76 விஸ்மர்கள். அட்டாக்குக்கு மவுண்ட் பைரின் கீழ்த்தளங்களில் ஷப்பெட்களை அதே கணக்கில் எண்ணிக்கொள்ளுங்கள். ஒரு தாளில் கோடு போட்டு எண்ணுவது நல்லது. நடுவில் கணக்குத் தவறினால் மறுபடி சரிபார்க்க இந்த ஆட்டத்தில் வழி இல்லை. மீதமுள்ள 6 புள்ளிகளையும் வேறொரு ஸ்டேட்டில் சேர்த்து 510 முழுவதும் நிரம்பியதும் ஸ்லேட்போர்ட் சந்தையில் ஒரு பெண்மணி அதைக் கண்டு ரிப்பன் கொடுப்பார். அதுதான் உங்களுக்குச் சான்று.

#12 செம்பருத்தி

நோலண்டை வென்றதற்கு மனமார்ந்த வாழ்த்துகள், கடலோடி. பிள்ளை வளர்ந்ததும் நேராக டவருக்குப் போகாதீர்கள். அங்கே தலைவி அனபெல் வருவதற்கே 34 தொடர் வெற்றிகள் வேண்டும். முதலில் டோமுக்குப் போங்கள். அங்கே மூன்றைக் கொண்டுபோய் ஒவ்வொரு போட்டிக்கும் இரண்டை மட்டும் களமிறக்குவீர்கள். எதிரியின் மூன்றும் முன்கூட்டியே திரையில் தெரியும். நான்கு போட்டிகளில் ஒரு கோப்பை. ஒரு மணி நேரத்துக்குள் அடங்கும்.

#13 கடலோடி

76 விஸ்மர்களுக்கான தாளை எடுத்து வைத்துவிட்டேன். இன்றிரவு நாற்பதாவது முடியும் என்று நினைக்கிறேன்.